"எய்ன்ட்" என்றால் சரியாக என்ன? யார் சொல்கிறார்கள், எங்கே சொல்லலாம்?

ராத்திரிஷிஃப்ட் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். சென்னையில், அமெரிக்க வாடிக்கையாளர்களோடு பேசும் வாய்ஸ் பிராசஸில் வேலை செய்கிறேன். பயிற்சியில் கான்ட், வோன்ட், டிடின்ட் எல்லாவற்றையும் நிறுத்தி நிதானமாகச் சொல்லித் தந்தார்கள். எய்ன்ட் மட்டும் "அது கொச்சை, நீங்கள் பேசக் கூடாது" என்ற ஒரே வரியோடு முடிந்துவிட்டது. நாங்கள் பேசாவிட்டாலும் எதிர்முனையில் இருப்பவர் பேசுகிறாரே!

நேற்று அலபாமாவிலிருந்து ஒரு பெரியவர் கூப்பிட்டார். "ஐ எய்ன்ட் காட் நோ பில்" என்றார். அழைப்பு முடிந்ததும் சிஸ்டத்தில் குறிப்பு ஏற்ற வேண்டும். பக்கத்து சீட் நண்பர், "எய்ன்ட் ஒரு எதிர்மறை, நோ இன்னொரு எதிர்மறை. ரெண்டும் அடிபட்டுப் போகும். பில் வந்துவிட்டது என்றுதான் அர்த்தம்" என்கிறார். அவர் குரலைக் கேட்டால் அப்படித் தோன்றவில்லை. கோபமாக இருந்தார்.

அகராதியைப் பார்த்தால் ஆம் நாட், இஸ் நாட், ஆர் நாட், ஹேவ் நாட், ஹேஸ் நாட் என்று ஐந்து பொருள் போட்டிருக்கிறது. பேசுகிற வேகத்தில் எதை எடுத்துக்கொள்வது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

சொல்வேட்டை எழுதியது:

பில் வரவில்லை. குறிப்பில் அப்படியே எழுதுங்கள், யோசிக்கவே வேண்டாம்.

முதலில் உங்கள் நண்பரின் கணக்கு. "இரண்டு எதிர்மறை ஒன்றையொன்று அழித்துவிடும்" என்ற விதியை ஆங்கில இலக்கணத்தில் ஊன்றியவர்களில் முக்கியமானவர் ராபர்ட் லோத் என்ற பாதிரியார். அவருடைய இலக்கண நூல் 1762இல் வந்தது. அதற்கு நானூறு வருடம் முன்பு ஆங்கிலத்தில் எழுதியவர்கள் ஒரே வாக்கியத்தில் இரண்டு, மூன்று எதிர்மறைகளைத் தயக்கமில்லாமல் போட்டிருக்கிறார்கள். ஸ்பானிஷ்காரர்கள் "என்னிடம் ஒன்றும் இல்லை" என்று சொல்ல இன்றைக்கும் இரண்டு எதிர்மறை வைத்துத்தான் சொல்கிறார்கள். யாரும் அதைக் கூட்டிக் கழித்துப் பார்ப்பதில்லை. அலபாமாப் பெரியவரின் பேச்சிலும் அதே முறைதான். எய்ன்ட் வாக்கியத்தை எதிர்மறையாக்குகிறது; பின்னால் வரும் நோ, நெவர், நத்திங், நோபடி எல்லாம் அதோடு ஒத்துப் போகின்றன. மொழியியலாளர்கள் இதை எதிர்மறை இயைபு என்பார்கள். எத்தனை அடுக்கினாலும் மொத்தப் பொருள் ஒரே ஒரு 'இல்லை'.

இனி ஐந்து பொருள் விஷயம். எய்ன்ட்டையே வெறித்துப் பார்த்தால் ஒன்றும் கிடைக்காது. அதற்கு அடுத்த சொல்லைப் பிடியுங்கள்.

"ஷி எய்ன்ட் ஹோம்": அடுத்து வருவது இடம். ஆகவே இஸ் நாட். அவள் வீட்டில் இல்லை. "ஐ எய்ன்ட் பேயிங்": அடுத்து 'இங்' வினை. ஆகவே ஆம் நாட். கட்ட மாட்டேன், கட்டுவதாக இல்லை. "வி எய்ன்ட் சீன் நோ டெக்னீஷியன்": சீன் என்பது மூன்றாம் வடிவம், ஆகவே ஹேவ் நாட். ஆள் இன்னும் வரவே இல்லை. காட் வந்தால் எப்போதும் ஹேவ் பக்கம். கானா, அதாவது கோயிங் டு என்பதன் சுருக்கம், வந்தால் எப்போதும் ஆம், இஸ், ஆர் பக்கம். உங்களுக்கு வரும் அழைப்புகளில் பெரும்பாலானவை இதற்குள் அடங்கிவிடும்.

சில இடங்களில் இரண்டு வழியும் திறந்திருக்கும். "ஹி எய்ன்ட் கான்" என்றால் இஸ் நாட் என்றும் எடுக்கலாம், ஹேஸ் நாட் என்றும் எடுக்கலாம். ஆனால் எப்படி எடுத்தாலும் அவர் இன்னும் போகவில்லை, அவ்வளவுதான்.

வாத்தியாரம்மா எழுதியது:

நான் மேல்நிலைப் பள்ளியில் ஆங்கிலம் எடுக்கிறேன். ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்லியாக வேண்டும். கேட்டுப் புரிந்துகொள்வது வேறு. ஆனால் "இதற்கும் இலக்கணம் உண்டு" என்று சொல்லி இந்தச் சொல்லுக்கு மரியாதை கொடுக்க ஆரம்பித்தால், பாதிக்கப்படுவது எங்கள் பிள்ளைகள்தான். தமிழ்வழியில் படித்துவிட்டு வேலைக்கு விண்ணப்பிக்கும் ஒரு பெண், கவர் லெட்டரில் எய்ன்ட் என்று எழுதினால் அந்தக் கடிதம் அங்கேயே நின்றுவிடும். அமெரிக்காவில் பிறந்தவன் சொன்னால் "ஸ்டைல்" என்பார்கள். நம் பிள்ளை சொன்னால் "இங்கிலீஷ் தெரியவில்லை" என்பார்கள். இந்த வித்தியாசம் இருக்கிறவரை நான் சிவப்பு மையால் சுழித்துக்கொண்டுதான் இருப்பேன்.

சொல்வேட்டை எழுதியது:

டீச்சர், சுழியுங்கள். அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. சுழிக்கும்போது பிள்ளைகளிடம் என்ன காரணம் சொல்கிறோம் என்பதில்தான் எனக்கு அக்கறை. "படிக்காதவர்கள் உளறியதால் வந்த சொல்" என்று சொன்னால் அது பொய். இதன் வரலாறு அப்படி இல்லை.

ஆம் நாட் என்பதைச் சுருக்கினால் ஆம்ன்ட். 'ம்', 'ன்', 'ட்' மூன்றும் ஒட்டி நிற்பதைச் சொல்லிப் பாருங்கள், நாக்கு தடுக்கும். மகரம் விழுந்து ஆன்ட் ஆனது. 1690களின் லண்டன் மேடை நாடகங்களிலேயே இந்த வடிவம் இருக்கிறது. அதே காலத்தில் ஆர் நாட் என்பதும், தென் இங்கிலாந்தில் மெய்க்கு முன்னால் வரும் ரகரம் தேய்ந்துகொண்டிருந்ததால், அதே ஆன்ட்டில் வந்து நின்றது. இஸ் நாட் இன்ட் ஆகி அங்கிருந்து இதே பக்கம் நகர்ந்தது. இந்த ஆன்ட்தான் நாளடைவில் உயிரொலி மாறி எய்ன்ட் ஆனது. ஹேவ் நாட், ஹேஸ் நாட் இரண்டும் ஹெய்ன்ட் ஆகி, ஹகரத்தை உதிர்த்துவிட்டு எய்ன்ட் ஆயின. அமெரிக்காவின் அப்பலாச்சிய மலைப் பகுதி முதியவர்கள் பேச்சில் ஹெய்ன்ட் அண்மைக்காலம் வரை கேட்டிருக்கிறது. ஆக, தனித்தனியாகக் கிளம்பிய ஐந்து சுருக்கங்கள் ஒலி தேய்ந்து தேய்ந்து ஒரே உருவத்தில் முடிந்திருக்கின்றன. சோம்பலில் பிறந்த சொல் என்று இதை எப்படிச் சொல்வது? டோன்ட், வோன்ட் எல்லாம் இதே காலத்தில், இதே வழியில் வந்தவைதான். வோன்ட்டில் வில் எங்கே இருக்கிறது? அதை யாரும் கேட்பதில்லை.

பிறகு பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் பத்தொன்பதாம் நூற்றாண்டிலும் இலக்கணக்காரர்கள் இதன்மீது பாய்ந்தார்கள். அதற்குப் பிறகும் இங்கிலாந்தின் மேல்தட்டுக் குடும்பங்களில், குதிரையும் வேட்டையுமாக வாழ்ந்தவர்கள் மத்தியில், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கம் வரை எய்ன்ட் சர்வசாதாரணமாகப் புழங்கியது. கீழே உழைப்பாளிகள் சொன்னார்கள், மேலே பிரபுக்கள் சொன்னார்கள். நடுவில், மேலே ஏற நினைத்த வகுப்புதான் இதைக் கண்டு பயந்தது.

இன்னொன்று பாருங்கள். "ஆரின்ட் ஐ?" என்று நாம் சரியான ஆங்கிலமாகச் சொல்லித் தருகிறோம். "ஐ ஆர்" என்று யாராவது சொல்வார்களா? பழைய "ஆன்ட் ஐ" தான் ரகரம் ஒலிக்காத இங்கிலாந்தில் இந்த எழுத்துக்கூட்டலில் தப்பித்துக்கொண்டது. எய்ன்ட்டுக்கு அது கூடப்பிறந்த சொல். ஒன்று பாடப்புத்தகத்தில் ஏறிவிட்டது, மற்றது வாசலிலேயே நிற்கிறது.

ஈஸ்ட்ஹாம் எழுதியது:

நான் லண்டனில் இருக்கிறன். ஸ்கொட்லாந்து, அயர்லாந்துப் பக்கம் போனால் "ஆம்ன்ட் ஐ" என்று இன்றைக்கும் சொல்லுவினம். அங்கே அது கொச்சை இல்லை, வீட்டுப் பேச்சு. ஆக, நாக்குத் தடுக்கும் என்பது தென் இங்கிலாந்துக் கதை.

கிழக்கு லண்டனில் எய்ன்ட் தாராளமாகக் கேட்கும். ஆனால் எங்கட பிள்ளைகள் வாயில் அதைவிடக் கூட வருவது "இனிட்". இஸின்ட் இட் தேய்ந்து வந்தது. முந்தி அது வாக்கியத்துக்குத் தக்கபடி நின்றது. இப்ப எதுக்குப் பின்னாலும் வரும். "வி கோயிங் டுமாரோ, இனிட்" என்பான் பொடியன். பள்ளிக்கூட இலக்கணப்படி ஆரின்ட் வி வர வேணும். அவனுக்கு அது 'தானே' மாதிரி ஒரு வால்தான். வகுப்பில் எழுதும்போது ஒரு இடத்திலும் அதை எழுதமாட்டான். எங்கே எதைப் போடுவது என்று பிள்ளைகளுக்கு நல்லாத் தெரியும்.

அட்லாண்டாக்காரன் எழுதியது:

சொல்வேட்டை சொன்ன அடையாளங்கள் சரி. ஆனால் ஆறாவது பொருள் ஒன்று உண்டு. ராத்திரிஷிஃப்ட் நண்பருக்கு அது அவசியம் தேவைப்படும்.

கறுப்பின அமெரிக்கர்கள் பேசும் ஆங்கிலத்தில் எய்ன்ட் என்பது டிட் நாட் என்ற இடத்திலும் வரும். "ஹி எய்ன்ட் கால் மீ யெஸ்டர்டே": அவர் நேற்று என்னைக் கூப்பிடவில்லை. அடுத்த சொல் கால்ட் என்றோ காலிங் என்றோ இல்லாமல் வெறும் வினையாக இருந்தால், இறந்தகாலம் என்று எடுத்துக்கொள்ளுங்கள். அமெரிக்காவின் மற்ற வட்டாரப் பேச்சுகளில் இது பெரும்பாலும் கிடையாது. "தே எய்ன்ட் கம்" போன்றவற்றில்தான் சிக்கல். கம் என்பதற்கு முதல் வடிவமும் மூன்றாம் வடிவமும் ஒன்றே. "இன்னும் வரவில்லை"யா, "அன்றைக்கு வரவில்லை"யா என்று தெரியாது. சர்வீஸ் அழைப்பில் இந்த வித்தியாசம் பெரியது. ஆகவே நாள் எது என்று பணிவாகக் கேட்டுவிடுங்கள்.

இது விளையாட்டு இல்லை என்பதற்கு ஓர் உதாரணம். பிலடெல்பியா நீதிமன்றங்களில் வேலை செய்யும் சுருக்கெழுத்தாளர்களைக் கொண்டு ஒரு ஆய்வு நடந்தது; 2019இல் வெளியானது. கறுப்பின மக்களின் பேச்சைக் கேட்டு எழுதச் சொன்னார்கள். 95 சதவீதத் துல்லியத்துக்குச் சான்றிதழ் வாங்கியவர்கள், ஏறக்குறைய ஐந்தில் மூன்று வாக்கியங்களைத்தான் சரியாக எழுதினார்கள். சாட்சி சொல்லும் ஒருவரின் "இல்லை" தாளில் எப்படி ஏறுகிறது என்பதில் அவருடைய வாழ்க்கையே இருக்கிறது. நீங்கள் சிஸ்டத்தில் ஏற்றும் குறிப்பும் சிறிய அளவில் அதே வேலைதான். அந்தப் பெரியவருக்குப் பில் வந்தது என்று ஏற்றியிருந்தால், தாமதக் கட்டணம் அவர் தலையில் விழுந்திருக்கும்.

டீச்சர் சொன்னதற்கும் ஒரு வார்த்தை. மிச்சிகனில் ஆன் ஆர்பர் என்ற ஊரில், மார்ட்டின் லூதர் கிங் பெயரில் இருந்த தொடக்கப் பள்ளியில் ஏழைக் கறுப்பினக் குழந்தைகள் சிலர் படிப்பில் பின்தங்கினார்கள். அவர்கள் வீட்டில் பேசும் ஆங்கிலத்தைப் பள்ளி கணக்கில் எடுக்கவே இல்லை என்று வழக்குப் போனது. 1979இல் நீதிபதி சார்லஸ் ஜாய்னர் தீர்ப்புச் சொன்னார். எய்ன்ட்டைப் பாடமாக வைக்கச் சொல்லவில்லை. அந்தப் பேச்சு என்ன, அதன் அமைப்பு என்ன என்று ஆசிரியர்கள் தெரிந்துகொள்ள வேண்டும், அதைத் தெரிந்துகொண்டு பொது ஆங்கிலத்தைப் படிக்கக் கற்றுத்தர வேண்டும் என்றார். நீங்கள் கேட்பதும் அவர் கேட்டதும் ஒன்றுக்கொன்று எதிரி இல்லை.

பழையபுத்தகம் எழுதியது:

அகராதியில் இருக்கிறது என்று ஆரம்பத்தில் ஒருவர் சொன்னார். அது அங்கே இருப்பதற்காகவே ஒரு பெரிய சண்டை நடந்திருக்கிறது.

1961இல் வெப்ஸ்டர் அகராதியின் மூன்றாம் பதிப்பு வந்தது. ஆசிரியர் ஃபிலிப் கோவ். நான்கரை லட்சம் சொற்கள். பத்திரிகைகள் அத்தனையையும் விட்டுவிட்டு எய்ன்ட் ஒன்றைப் பிடித்துக்கொண்டன. முந்தைய 1934 பதிப்பிலும் அந்தச் சொல் இருந்தது. கல்லாதோர் வழக்கு என்ற முத்திரையோடு. கோவ் என்ன செய்தார் என்றால், பலர் இதை ஏற்பதில்லை, குறைவாகப் படித்தவர்களிடம் அதிகம் வழங்குகிறது என்று எழுதிவிட்டு, அமெரிக்காவின் பெரும்பாலான பகுதிகளில் நன்கு படித்தவர்கள் பலரும் பேச்சில் இதைச் சொல்கிறார்கள், குறிப்பாக "எய்ன்ட் ஐ" என்ற தொடரில், என்று சேர்த்தார். ஹேவ் நாட் என்ற பொருளுக்குத் தரக்குறைவு என்ற குறியை அவரும் போட்டிருந்தார். முதல் பாதியையும் இந்தக் குறியையும் விட்டுவிட்டு, நடுவில் இருந்ததை மட்டும் எடுத்துச் செய்தி போட்டார்கள். அகராதி எய்ன்ட்டுக்கு ஆசி வழங்கிவிட்டது என்று கூச்சல். நியூயார்க் டைம்ஸ் கண்டித்துத் தலையங்கம் எழுதியது. அமெரிக்கன் ஹெரிட்டேஜ் பதிப்பகத்தின் ஜேம்ஸ் பார்ட்டன், வெப்ஸ்டர் அகராதி நிறுவனத்தையே வாங்கிவிட முயன்றார், முடியவில்லை. அதனால் போட்டியாகத் தாங்களே ஓர் அகராதி தயாரித்து 1969இல் வெளியிட்டார்கள். எது சரி, எது தவறு என்று வாக்களிக்க எழுத்தாளர்கள் குழு ஒன்றையும் வைத்தார்கள். அந்தக் குழு பிற்பாடு பல பத்தாண்டுகள் நடந்தது.

கோவ் செய்தது சரி என்பது என் கருத்து. மக்கள் என்ன பேசுகிறார்கள் என்று பதிவு செய்வதுதான் அகராதிக்காரர் வேலை. அந்தப் பதிவு இல்லாவிட்டால் இன்று ராத்திரிஷிஃப்ட் எதைப் பார்த்துத் தெரிந்துகொள்வார்?

வாத்தியாரம்மா எழுதியது:

சரி, பதிவு செய்யட்டும். படித்தவர்கள் இப்போதும் சொல்கிறார்களா? எந்த மாதிரி இடத்தில்? அதைத் தெளிவாகச் சொன்னால் வகுப்பில் சொல்ல எனக்கு வசதியாக இருக்கும்.

சொல்வேட்டை எழுதியது:

சொல்கிறார்கள், தெரிந்தே சொல்கிறார்கள். உறைந்த தொடர்களில் அதிகம். ஐடி அலுவலகங்களில் தினமும் காதில் விழுவது "இஃப் இட் எய்ன்ட் ப்ரோக், டோன்ட் ஃபிக்ஸ் இட்". ஓடுகிற கோடில் கை வைக்காதே என்பதற்குச் சொல்வது. இதைப் பரவலாக்கியவர் ஜார்ஜியா மாநிலத்து பெர்ட் லான்ஸ். அதிபர் கார்ட்டரின் பட்ஜெட் அலுவலகத் தலைவராக இருந்தபோது 1977இல் ஒரு பத்திரிகையில் சொன்னார். ரீகன் 1984 தேர்தலில் "யூ எய்ன்ட் சீன் நத்திங் யெட்" என்று கூட்டத்துக்குக் கூட்டம் முழங்கினார். இன்னும் என்னென்னவோ வரப்போகிறது என்று பொருள். இலக்கணம் தெரியாமலா சொன்னார்? ஹேவின்ட், எனிதிங் என்று மாற்றிச் சொல்லிப் பாருங்கள், கைதட்டு விழாது.

ஆக வகுப்பில் இப்படிச் சொல்லலாம் என்று நினைக்கிறேன். அமெரிக்கர், ஆங்கிலேயர் இரண்டு விதமாக இதைச் சொல்வார்கள். ஒன்று, அதுவே அவர்கள் வீட்டுப் பேச்சு. மற்றது, பொது ஆங்கிலம் பேசுகிறவர் ஓர் அழுத்தத்துக்காக, நெருக்கத்துக்காக ஒரு நொடி இறங்கி வந்து சொல்வது. கேட்பவருக்கு "இவருக்கு மற்றதும் தெரியும்" என்று தெரிந்திருந்தால்தான் இரண்டாவது எடுபடும். மின்னஞ்சல், தேர்வு, நேர்காணல் எதிலும் அந்த உத்தரவாதம் நமக்கு இல்லை. அதனால் எழுத வேண்டாம். மேலே சொன்ன மாதிரித் தொடரை நண்பர்கள் மத்தியில் அப்படியே சொன்னால் யாரும் தப்பாக எடுக்க மாட்டார்கள்.

தென்றல்வாசகி எழுதியது:

ஐந்து சுருக்கம் ஒன்றானது என்பதைப் படித்ததும் நம் 'அல்ல' நினைவுக்கு வந்தது. இலக்கணப்படி நான் அல்லேன், நீ அல்லை, அவன் அல்லன், அவள் அல்லள், அவர் அல்லர், அது அன்று, அவை அல்ல. இன்று எல்லாவற்றுக்கும் 'அல்ல' தான். "அது அல்ல" என்று எழுதினால் திருத்தும் புலவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஆனால் 'அல்ல' எழுதுகிறவரைப் படிக்காதவர் என்று யாரும் சொல்வதில்லை. ஒரே வேலையைச் செய்த இரண்டு சொற்களில் ஒன்றுக்கு மட்டும் ஏன் இவ்வளவு அவமானம்?

அட்லாண்டாக்காரன் எழுதியது:

யார் வாயில் அந்தச் சொல் இருக்கிறது என்பதைப் பொறுத்ததுதான் அவமானம். அதற்கு ஒரு கதை இருக்கிறது, எனக்கு மிகவும் வலிக்கிற கதை.

சோஜர்னர் ட்ரூத் அடிமையாகப் பிறந்து விடுதலையானவர். 1851இல் ஒஹாயோ மாநிலம் ஆக்ரன் நகரில் நடந்த பெண்ணுரிமை மாநாட்டில் பேசினார். "எய்ன்ட் ஐ அ வுமன்?" என்று அவர் திரும்பத் திரும்பக் கேட்டதாக உலகம் முழுக்கச் சொல்கிறார்கள். நான் பெண் இல்லையா என்ற கேள்வி. ஆனால் மாநாடு நடந்த அடுத்த மாதமே மேரியஸ் ராபின்சன் என்ற பத்திரிகையாளர் வெளியிட்ட பதிவில் அந்த வரியே இல்லை. அது வருவது பன்னிரண்டு வருடம் கழித்து, 1863இல் ஃபிரான்சிஸ் கேஜ் என்ற வெள்ளைக்காரப் பெண்மணி எழுதிய வடிவத்தில். அதிலும் "ஆரின்ட்" என்றுதான் இருக்கிறது. பிற்காலத்தில் அதுவே எய்ன்ட் ஆனது. கேஜ் அவர் பேச்சு முழுவதையும் தென்மாநிலத்து அடிமைகள் பேசுவதாக நினைத்த கொச்சையில் எழுதினார். ட்ரூத் பிறந்ததோ வடக்கே, நியூயார்க் மாநிலத்தில். டச்சு பேசும் குடும்பத்தில் அடிமையாக இருந்ததால் அவருடைய முதல் மொழியே டச்சு!

கறுப்பினப் பெண் என்றால் இப்படித்தான் பேசுவாள் என்று மற்றவர்கள் முடிவு செய்து வாயில் திணித்தார்கள். அதே வரியைப் பின்னாளில் கறுப்பினப் பெண்கள் தங்கள் முழக்கமாக எடுத்துக்கொண்டார்கள் என்பதும் உண்மை. அதனால்தான் நம்மவர்கள் யாராவது அந்தப் பேச்சை மிமிக்ரி செய்து சிரிக்கும்போது எனக்குச் சிரிப்பு வருவதில்லை. புரிந்துகொள்ளுங்கள், பதில் சொல்லுங்கள். அவர்களிடமே அவர்கள் குரலில் பேசிக் காட்டாதீர்கள்.

ராத்திரிஷிஃப்ட் எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. அடுத்த சொல்லைப் பார்க்கும் முறையையும், வெறும் வினை வந்தால் இறந்தகாலம் என்பதையும் எங்கள் குழுவுக்கு எழுதி அனுப்பிவிட்டேன். இன்னும் ஒன்று மட்டும் உறுத்துகிறது. சிலர் எய்ன்ட்டையே முதலில் வைக்கிறார்கள். "எய்ன்ட் நோபடி கால்ட் மீ" என்று. இது கேள்வியா? "யாரும் கூப்பிடவில்லையா?" என்று கேட்கிறாரா, நான் பதில் சொல்ல வேண்டுமா?

அட்லாண்டாக்காரன் எழுதியது:

கேள்வி இல்லை. "ஒருத்தர்கூட என்னைக் கூப்பிடவில்லை" என்ற அழுத்தமான முறையீடு. கறுப்பினப் பேச்சிலும் தென்மாநில வெள்ளையர் பேச்சிலும் உண்டு. எய்ன்ட்டுக்கு அடுத்தாற்போல் நோபடி, நத்திங், நோ என்று தொடங்கும் சொல் வந்தால் பெரும்பாலும் இதுதான். "எய்ன்ட் யூ", "எய்ன்ட் தே", "எய்ன்ட் இட்" என்று வந்தால் கேள்வி. குரலும் காட்டிக் கொடுக்கும்: முறையீட்டில் கடைசியில் குரல் இறங்கும். நீங்கள் மன்னிப்புக் கேட்டுவிட்டு, கால்பேக் எப்போது வரும் என்று நேரம் சொல்லுங்கள். அவர் எதிர்பார்ப்பது அதைத்தான்.